ஆரஞ்சும் முட்டைக்கோஸும்: ஸ்காண்டிநேவியாவின் குளிர்காலச் சாலட்

டென்மார்க், சுவீடன், நார்வே ஆகிய மூன்று நாடுகளையும் சேர்த்து ஸ்காண்டிநேவியா என்று வழங்கப்படும் வட ஐரோப்பியப் பகுதியில், மெல்லிசாகச் சீவிய பச்சை முட்டைக்கோஸையும் ஆரஞ்சுச் சுளைகளையும் கலந்து, சிறிது வினிகரும் எண்ணெயும் விட்டுப் பரிமாறும் சாலட் வீடுகளில் பரவலாகச் செய்யப்படுகிறது. அதற்கென்று தனிப்பெயரோ அறுதியான ஒரு செய்முறையோ கிடையாது. டென்மார்க்கின் கிறிஸ்துமஸ் மேசையில் அது சிவப்பு முட்டைக்கோஸும் ஆரஞ்சும் வால்நட்டும் சேர்ந்த கலவையாக வரும். வேறு வீடுகளில் வெள்ளை முட்டைக்கோஸோடு ஆப்பிளோ பெருஞ்சீரகக் கிழங்கோ சேரும். தட்டில் பார்த்தவுடன் கோடைக்கு ஏற்ற குளிர்ச்சியான பதார்த்தம் என்று தோன்றினாலும், உண்மையில் அது குளிர்காலத்து உணவு. அதில் சேரும் பொருள்கள், அவற்றைச் சேர்க்கும் வரிசை, உடன் வைக்கும் கறிவகைகள் ஆகிய எல்லாம் அந்தப் பருவத்தின் தேவையிலிருந்து வந்தவை என்பதை அறிந்து செய்யும்போதுதான் சாலட் உரிய சுவையோடு அமைகிறது.

டிசம்பர் மாதத்தில் ஸ்டாக்ஹோம் நகரில் பகல்பொழுது சுமார் 6 மணி நேரம்தான். நிலம் உறைந்து கிடக்கும் அந்த மாதங்களில் பச்சைக் காய் என்று சொல்லத்தக்கவை மிகச் சிலவே. அவற்றுள் தலையாயது முட்டைக்கோஸ். இலையுதிர்காலத்தில் அறுவடையாகும் கெட்டியான வெள்ளை முட்டைக்கோஸை 0 பாகை செல்சியஸை ஒட்டிய குளிரில், காற்றில் ஈரம் குறையாத நிலவறையில் வைத்தால், வசந்தம் வரும்வரை மாதக்கணக்கில் கெடாமல் இருக்கும். வயலில் இருக்கும்போதே குளிர் படுவதால் செடி தன் திசுக்களில் சர்க்கரையைச் சேர்த்துக்கொள்கிறது என்பதும், அதனால் பனிக்குப் பின் அறுத்த முட்டைக்கோஸ் இனிப்புக் கூடியிருக்கும் என்பதும் அங்குள்ள விவசாயிகளும் சமையற்காரர்களும் நன்கு அறிந்த செய்தி.

எனினும் வட நாட்டார் அந்த முட்டைக்கோஸைப் பெரும்பாலும் வேகவைத்தே உண்டு வந்தார்கள். நார்வேயின் தேசிய உணவாகக் கருதப்படும் ஃபோரிகோல், ஆட்டிறைச்சியையும் முட்டைக்கோஸையும் பானையில் அடுக்கடுக்காக வைத்து, முழு மிளகு தூவி, மணிக்கணக்கில் வேகவிடும் குழம்பு; செப்டம்பரின் கடைசி வியாழக்கிழமை அதற்குரிய நாளாகவே கொண்டாடப்படுகிறது. சுவீடனின் கோல்டோல்மார் என்பது முட்டைக்கோஸ் இலையில் கொத்துக்கறியைச் சுருட்டிச் சமைப்பது. 1709இல் பொல்தாவா போரில் தோற்ற மன்னர் 12ஆம் கார்ல் உதுமானியப் பேரரசின் எல்லைக்குள் சில ஆண்டுகள் தங்க நேர்ந்ததோடு அந்த உணவின் வருகையைச் சேர்த்துச் சொல்வது வழக்கம். டென்மார்க்கில் பன்றியிறைச்சி வறுவலுக்குத் துணையாகச் சிவப்பு முட்டைக்கோஸை வினிகரும் சர்க்கரையும் இட்டு நெடுநேரம் வேகவைப்பார்கள். சுவீடனின் ஹாலந்து வட்டாரத்தில், முட்டைக்கோஸின் நெருங்கிய உறவான கேல் கீரையைப் பன்றித் தொடையிறைச்சி வெந்த சாற்றில் வேகவைத்துப் பாலேடு சேர்த்துச் சமைப்பதும் கிறிஸ்துமஸ் வழக்கம்தான். இவை யாவும் கொழுப்பு மிகுந்தவை, மென்மையானவை, கனமானவை. இப்படிப்பட்ட விருந்தின் நடுவே கடிக்க மொறுமொறுப்பாகவும் நாக்குக்குப் புளிப்பாகவும் ஒன்று இருந்தாக வேண்டும் என்ற தேவையைத்தான் பச்சை முட்டைக்கோஸ் சாலட் நிறைவேற்றுகிறது. ஆகவே அதைத் தனியே ஒரு கிண்ணம் நிறைய எடுத்து உண்ணும் எளிய உணவாகக் கருதுவதைவிட, கனமான உணவுக்கு எதிர்நிறையாகக் கருதுவதே பொருத்தம்.

பச்சையாக உண்ணும் பழக்கமும் அங்கே புதிதன்று. காரட், முட்டைக்கோஸ், ஆப்பிள் போன்றவற்றைத் துருவிச் சிறிது எலுமிச்சைச் சாறோ வினிகரோ சேர்த்து வைப்பதை டென்மார்க்கிலும் நார்வேயிலும் ரோகோஸ்ட் என்பார்கள். பள்ளிக்கூடம், அலுவலகம் ஆகியவற்றின் உணவகங்களில் அன்றாடம் காணக்கூடியது அது. சுவீடனிலோ பீட்சாக் கடைகள் பரவிய காலத்திலிருந்து, பீட்சா வாங்குபவருக்கெல்லாம் ஒரு சிறு கிண்ணத்தில் முட்டைக்கோஸ் சாலட் இலவசமாகக் கொடுக்கும் வழக்கம் நிலைத்துவிட்டது. மெல்லிசாகச் சீவிய வெள்ளை முட்டைக்கோஸை வினிகர், எண்ணெய், உப்பு, மிளகு, உலர்ந்த ஓரிகானோ இலை ஆகியவற்றில் ஓர் இரவு ஊறவைத்துச் செய்யும் அந்தச் சாலட்டுக்கும் இந்தக் கட்டுரை பேசும் சாலட்டுக்கும் ஒரு முக்கியமான வேறுபாடு உண்டு. முன்னது ஊற ஊறச் சுவை கூடும். பின்னது, ஆரஞ்சு சேர்ந்த அளவில், காத்திருக்கக் கூடாதது.

வடக்கில் விளையாத ஆரஞ்சு அந்த மேசைக்கு எப்படி உரியதாயிற்று என்ற கேள்வி எழுவது இயல்பு. மத்தியதரைக் கடலோர நாடுகளில் ஆரஞ்சு பழுத்து அறுவடையாவது நவம்பர் முதல் வசந்தம் வரையிலான மாதங்களில். அதாவது வடக்கே நிலவறை முட்டைக்கோஸைத் தவிர வேறு பசுமை இல்லாத அதே மாதங்களில். இரண்டும் ஒரே பருவத்தில் கைக்குக் கிட்டுவதால் ஒரே கிண்ணத்தில் சேர்ந்தன என்று கொள்வதே நேரான விளக்கம். கிறிஸ்துமஸ் சமயத்தில் சுவீடன் வீடுகளில் ஆரஞ்சின் தோலில் கிராம்புகளைக் குத்தி மணத்துக்காகத் தொங்கவிடுகிறார்கள். கசப்பு ஆரஞ்சின் உலர்ந்த தோலைச் சூடான மசாலா மதுவிலும் பண்டிகை ரொட்டியிலும் சேர்க்கிறார்கள். நார்வேயில் ஈஸ்டர் விடுமுறைக்கு மலைக்குப் பனிச்சறுக்கப் போகிறவர்களின் பையில் ஆரஞ்சு இல்லாமல் இருப்பது அரிது. ஜனவரிக்குப் பிறகு சிசிலித் தீவிலிருந்து வரும் இரத்த ஆரஞ்சும் இந்தச் சாலட்டுக்கு மிக உகந்தது. அந்தப் பழத்தின் சதையைச் செந்நிறமாக்கும் ஆந்தோசயனின் என்ற நிறமி இரவுக்குளிர் பட்டால்தான் நன்றாகத் திரளும்; சிவப்பு முட்டைக்கோஸுக்கு நிறம் தருவதும் அதே குடும்பத்து நிறமியே.

இந்த இடத்தில் ஒரு மாற்றுக் கருத்தையும் கருத வேண்டும். 2004இல் கோபன்ஹேகனில் கூடிய சமையற்கலைஞர்கள் புதிய நார்டிக் சமையல் என்ற கொள்கை அறிக்கையை வெளியிட்டு, அந்தந்தப் பருவத்தில் அந்த மண்ணில் விளைவதையே முதன்மையாகக் கொள்ள வேண்டும் என்றார்கள். அதற்கு முந்தைய ஆண்டில் தொடங்கப்பட்ட நோமா உணவகம் அந்தப் போக்கின் முகமாக விளங்கியது. இக்கொள்கையைக் கண்டிப்பாகக் கடைப்பிடித்தவர்கள் எலுமிச்சையையும் ஆலிவ் எண்ணெயையும் ஒதுக்கிவிட்டு, கடலோரப் புதர்களில் விளையும் செம்மஞ்சள் நிறச் சிறுகனியான சீபக்தார்ன், ருபார்ப் தண்டு, காட்டெறும்பு ஆகியவற்றிலிருந்து புளிப்பைத் தேடினார்கள். அவர்களுடைய தேடல் மதிப்புக்குரியது. மறக்கப்பட்ட பல சுவைகள் அதனால் மீண்டன. ஆயினும் வீட்டுச் சமையலின் வரலாற்றைப் பார்க்கும்போது, துறைமுக வாழ்வும் கப்பல் வணிகமும் உடைய மக்கள் தலைமுறைகளாகப் பண்டிகைக்கு வாங்கி உண்ட பழத்தை அந்நியம் என்று தள்ளுவது பொருந்தாது. ஆரஞ்சு சேர்ந்த முட்டைக்கோஸ் சாலட் ஸ்காண்டிநேவியச் சமையலுக்கு முழுமையாக உரியதே.

முட்டைக்கோஸையும் எலுமிச்சை இனத்தையும் இணைக்கும் இன்னொரு செய்தி நார்வேயின் அறிவியல் வரலாற்றில் இருக்கிறது. உணவைப் பற்றிய எழுத்தில் அது போதிய கவனம் பெறாதது வருத்தத்துக்குரியது. இன்று ஓஸ்லோ என்று அழைக்கப்படும் கிறிஸ்தியானியாவின் பல்கலைக்கழகத்தில் பணிபுரிந்த ஆக்சல் ஹோல்ஸ்ட், தியோடர் ஃப்ரோலிக் ஆகிய இருவரும், நார்வே மாலுமிகளை வாட்டிய கப்பல் பெரிபெரி என்ற நோயின் காரணத்தை ஆராயத் தொடங்கி, கினிப் பன்றிகளுக்குத் தானியத்தை மட்டும் உணவாகக் கொடுத்துப் பார்த்தார்கள். அவ்விலங்குகளுக்கு எதிர்பாராத விதமாக ஸ்கர்வி நோய் கண்டது; ஈறுகளில் இரத்தம் கசிந்து உடல் நலிவடையச் செய்யும் அந்நோய், பச்சை முட்டைக்கோஸ், எலுமிச்சைச் சாறு போன்றவற்றைச் சேர்த்துக் கொடுத்தபோது தடுக்கப்பட்டது. பெரும்பாலான விலங்குகள் வைட்டமின் சி சத்தைத் தம் உடலிலேயே உண்டாக்கிக்கொள்ள, மனிதரும் கினிப் பன்றியும் உணவிலிருந்தே அதைப் பெற வேண்டியிருப்பதால், அந்த விலங்கைத் தேர்ந்தெடுத்தது பெரும் பேறாயிற்று. 1907இல் அவர்கள் வெளியிட்ட ஆய்வு, பின்னாளில் வைட்டமின் சி கண்டறியப்படுவதற்கு வழி திறந்தது. 100 கிராம் பச்சை வெள்ளை முட்டைக்கோஸில் சுமார் 35 மில்லிகிராமும், அதே அளவு ஆரஞ்சில் சுமார் 50 மில்லிகிராமும் வைட்டமின் சி உண்டு. அது நீரில் கரைவது, வெப்பத்தில் சிதைவது. நெடுநேரம் வேகவைத்த முட்டைக்கோஸில் குறைந்துபோவது பச்சைச் சாலட்டில் பெரும்பாலும் நிலைத்திருக்கும்.

இனிச் செய்முறை. நான்கு பேருக்கு அரைக் கிலோ முட்டைக்கோஸ் போதும். குளிர்காலத்துக் கெட்டியான வெள்ளை வகையும் சிவப்பு வகையும் பொருந்தும்; கூம்பு வடிவில் நீண்டு, தளர்ந்த இலைகளோடு கோடையின் தொடக்கத்தில் வரும் கூர்முட்டைக்கோஸ் இயல்பிலேயே இனிப்பும் மென்மையும் உடையதாகையால் அதற்கு உப்பில் ஊறும் நேரம் மிகக் குறைவாகவே வேண்டும். முட்டைக்கோஸை நான்காகப் பிளந்து, நடுத்தண்டை நீக்கி, நரம்புக்குக் குறுக்காக, ஒளி ஊடுருவித் தெரியும் அளவுக்கு மெல்லிசாகச் சீவ வேண்டும். சுவீடன் வீடுகளில் இதற்குப் பாலாடைக்கட்டி சீவும் கருவியையே பலர் பயன்படுத்துகிறார்கள். நடுவில் ஒரு கீறல் உள்ள தட்டையான கரண்டி போன்ற அந்தக் கருவி, நார்வேயின் லில்லஹாமர் ஊரைச் சேர்ந்த தச்சர் தூர் பியொர்க்லுண்ட் 1925இல் காப்புரிமை பெற்றது. பிளந்த முட்டைக்கோஸின் வெட்டுமுகத்தில் அதை இழுத்தால், கத்தியால் எளிதில் வராத மென்மையான சீவல்கள் கிடைக்கும்.

சீவலின் மென்மை பார்வைக்கு அழகு சேர்ப்பதோடு சுவையையும் தீர்மானிக்கிறது. முட்டைக்கோஸின் செல்களில் குளுக்கோசினோலேட் என்ற கந்தகச் சேர்மங்கள் ஓரிடத்திலும், மைரோசினேஸ் என்ற நொதி வேறிடத்திலும் பிரிந்து இருக்கின்றன. கத்தி பட்டுச் செல் உடைந்ததும் இரண்டும் கலந்து, கடுகில் உள்ளதைப் போன்ற காரமான சேர்மங்கள் உண்டாகின்றன. எவ்வளவு நுண்ணிதாக வெட்டுகிறோமோ அவ்வளவு காரம் எழும். அந்தக் காரம் அதிகமாகத் தோன்றினால் சீவலைக் குளிர்ந்த நீரில் சில நிமிடங்கள் போட்டு, நன்றாக வடித்துத் துடைத்துவிட்டால் தணியும். ஆனால் இளம் முட்டைக்கோஸை அப்படி நனைப்பது அதன் சுவையைக் கழுவி விடுவதாகும். தேவையின்றிச் செய்யாதிருப்பது நல்லது.

அடுத்தது உப்பு. அரைக் கிலோ சீவலுக்கு 6 கிராம், அதாவது தட்டையாக ஒரு தேக்கரண்டி பொடியுப்பைத் தூவி, கையால் அள்ளி அள்ளி அழுத்திப் பிசைய வேண்டும். டென்மார்க் வீடுகளில் இதை மிகக் கவனத்தோடு செய்வார்கள், ஏனென்றால் சாலட் மெல்லத்தக்கதாக ஆவது இந்தப் பிசைதலில்தான். உப்பு வெளியே செறிந்திருக்க, செல்லுக்குள் இருக்கும் நீர் சவ்வினூடே வெளியேறுகிறது. சவ்வூடு பரவல் எனப்படும் இந்த நிகழ்வால் இலையின் விறைப்புத் தளர்கிறது. இரண்டு நிமிடம் பிசைந்ததும் விரல்களுக்கிடையே ஈரம் கசியத் தொடங்கும், வெளுத்திருந்த சீவல் பளபளப்பாகி லேசாக ஒளி ஊடுருவும் தன்மை பெறும், கிண்ணத்தில் குவிந்திருந்தது மூன்றில் இரண்டு பங்காகத் தாழும். அங்கே நிறுத்திவிட வேண்டும். மேலும் பிசைந்தால் மொறுமொறுப்புப் போய் ஊறுகாய் பதம் வந்துவிடும். கால் மணி நேரம் வைத்திருந்து, திரண்ட நீரை மட்டும் வடித்துவிடலாம். சிவப்பு முட்டைக்கோஸாக இருந்தால் இந்தக் கட்டத்தில் ஒரு மேசைக்கரண்டி ஆப்பிள் வினிகர் சேர்ப்பது அவசியம். ஆந்தோசயனின் நிறமி புளிப்பில் செந்நிறமாகவும் காரத்தன்மையில் நீலமாகவும் மாறும் இயல்புடையது. கோபன்ஹேகன் போலக் குழாய்நீரில் சுண்ணாம்பு மிகுந்த ஊர்களில் கழுவிய சிவப்பு முட்டைக்கோஸ் மங்கலான நீலச்சாயல் காட்டும், வினிகர் பட்ட மறுகணம் ஒளிவிடும் சிவப்பாகத் திரும்பும்.

ஆரஞ்சைக் கையாள்வதில்தான் பெரும்பாலோர் அவசரப்படுகிறார்கள். முதலில், இரண்டு பழங்களுள் ஒன்றின் தோலில் நிறமுள்ள மேற்பரப்பை மட்டும் நுண்ணிதாகத் துருவி எடுத்து வைக்க வேண்டும். மணம் முழுதும் அந்த மேற்பரப்பின் எண்ணெய்ப் பைகளில் இருக்கிறது. பிறகு இரு முனைகளையும் வெட்டிப் பழத்தை நிமிர்த்தி வைத்து, மேலிருந்து கீழாகக் கத்தியை வளைத்து, தோலையும் அதன் அடியிலுள்ள வெண்ணிற நார்ப்பகுதியையும் ஒருசேர நீக்க வேண்டும். வெள்ளை நார் மிஞ்சினால் சாலட்டில் கசப்பு ஏறும். உரித்த பழத்தைக் கிண்ணத்துக்கு மேலே பிடித்தபடி, ஒவ்வொரு சுளையையும் மூடியிருக்கும் மெல்லுறையின் இருபுறமும் கீறினால், உறையில்லாத சுளை தானாகக் கழன்று விழும். எஞ்சிய உறைக்கொத்தைப் பிழிந்தால் இரண்டு மூன்று மேசைக்கரண்டிச் சாறு கிடைக்கும். இந்தச் சாற்றை முன்கூட்டியே பிழிந்து வைப்பது தவறு. விதையில்லாத நேவல் வகை ஆரஞ்சில், கசப்பில்லாத ஒரு சேர்மம், பிழிந்த பின் சாற்றின் புளிப்பில் மெல்ல மெல்ல லிமோனின் என்ற கசப்புப் பொருளாக மாறுகிறது. அதனால்தான் பிழிந்தவுடன் இனித்த சாறு சில மணி நேரம் கழித்துக் கசக்கிறது. கிரேப்ஃப்ரூட் சேர்ப்பவர்கள் ஒரு பழத்தில் பாதியோடு நிறுத்திக்கொண்டால் முட்டைக்கோஸின் இனிப்பு அடிபடாது.

இனிச் சாறும் எண்ணெயும் கலந்த மேலூற்று. ஆரஞ்சுச் சாற்றில் புளிப்பு மட்டுப்பட்டே இருக்குமாகையால், அரை எலுமிச்சம்பழச் சாற்றையும், ஒரு தேக்கரண்டி தேனையும், சிறிது கடுகு விழுதையும் சேர்த்து அடித்துக்கொள்ள வேண்டும். முட்டைக்கோஸில் முன்பே வினிகர் சேர்த்திருந்தால் எலுமிச்சையைக் குறைத்துக்கொள்ளலாம். கடுகு விழுது, எண்ணெயையும் சாற்றையும் பிரியாமல் சேர்த்து வைக்கும். எண்ணெய் இரண்டு மேசைக்கரண்டி போதும். அங்கே விளைவதும் அங்குள்ள சமையலுக்கு இயல்பானதும் ரேப்சீட் எண்ணெய். இங்கே கனோலா என்ற பெயரில் கிடைப்பதும் அந்த வகையைச் சேர்ந்ததே. குளிர்முறையில் பிழிந்த பொன்னிற எண்ணெயாக இருந்தால் கொட்டைப்பருப்பின் வாசனை இருக்கும். ரேப்சீட் செடி, முட்டைக்கோஸ் இனமும் டர்னிப் இனமும் கலந்து உண்டானது என்பதைத் தாவரவியல் நிறுவியிருக்கிறது. எனவே இந்தச் சாலட்டில் காயும் எண்ணெயும் ஒரே குடும்பம். ஆலிவ் எண்ணெயை விட்டால் சாலட் கெட்டுவிடாது, ஆனால் அதன் தனி மணம் ஆரஞ்சை அமுக்கிவிடும்.

மணத்துக்கு இரண்டு பொருள்கள். ஒன்று, தமிழில் சதகுப்பை எனப்படும் செடியின் பசும் இலை. நூல் போன்ற அந்த இலையைக் கிள்ளி ஒரு கைப்பிடி போடலாம். மற்றொன்று, சீரகத்தைப் போன்ற தோற்றமும் வேறு மணமும் உடைய கேரவே விதை; அரைத் தேக்கரண்டியை வெறும் வாணலியில் வாசனை எழும்வரை வறுத்து லேசாக நசுக்கிச் சேர்க்க வேண்டும். கேரவே விதையின் எண்ணெயில் கார்வோனும் லிமோனீனும் முதன்மையானவை. ஆரஞ்சுத் தோலின் எண்ணெயில் பத்தில் ஒன்பது பங்குக்கு மேல் அந்த லிமோனீனே. விதையும் தோலும் ஒன்றையொன்று தாங்கிப் பிடிப்பதன் காரணம் இதுதான். கேரவே கிடைக்காதபோது நம் ஊர்ச் சீரகத்தைப் போடலாமே என்று தோன்றும். அது வேறு திசைக்கு இழுத்துவிடும். சதகுப்பை விதையைச் சிட்டிகையளவு வறுத்துப் போடுவது நெருக்கமான சுவை தரும், அதிலும் கார்வோனும் லிமோனீனும் உண்டு.

கலக்கும் வரிசை முக்கியம். உப்பில் தளர்ந்த முட்டைக்கோஸோடு முதலில் மேலூற்றையும் தோல் துருவலையும் கேரவேயையும் சேர்த்துப் பத்து நிமிடம் வைத்து, சுவைத்துப் பார்த்து, தேவையானால் உப்போ புளிப்போ கூட்டிக்கொண்டு, மேசைக்குக் கொண்டுபோகும் தறுவாயில் ஆரஞ்சுச் சுளைகளையும் சதகுப்பை இலையையும் வறுத்த வால்நட்டையோ ஹேசல்நட்டையோ இரண்டு கரண்டிகளால் மெதுவாகப் புரட்டிச் சேர்க்க வேண்டும். சுளை முன்பே விழுந்தால் உடைந்து சாறு கசியும், சிவப்பு முட்டைக்கோஸின் சாயமும் அதில் ஏறும். கொட்டைப்பருப்பு முன்பே விழுந்தால் நமுத்துப்போகும்.

பொரித்த ஹெர்ரிங் மீன், புகையூட்டிய சால்மன், தோல் மொறுமொறுப்பாக வறுத்த பன்றியிறைச்சி, வாத்து வறுவல் ஆகியவற்றோடு இந்தச் சாலட் சிறப்பாகச் சேரும். டென்மார்க்கின் கறுத்த ரை ரொட்டியின் மேல் புகைமீனை வைத்து அதன்மேல் ஒரு கரண்டி இதை அடுக்கி உண்பதும் உண்டு. இறைச்சி உண்ணாதவர்கள் வெண்ணெயில் வதக்கிய உருளைக்கிழங்கோடோ, உப்பு மிகுந்த வெண்பாலாடைக்கட்டியோடோ வைத்துக்கொள்ளலாம். கொழுப்போ உப்போ மிகுந்த ஒன்று பக்கத்தில் இருந்தால்தான் இதன் புளிப்புக்கு வேலை இருக்கும். மிஞ்சினால், சுளைகளைப் பொறுக்கி எடுத்து அன்றே உண்டுவிட்டு, எஞ்சிய முட்டைக்கோஸோடு ஒரு மேசைக்கரண்டி வினிகர் சேர்த்து மூடிக் குளிர்ப்பெட்டியில் வைக்க வேண்டும். மறுநாள் அது ஏறக்குறைய சுவீடனின் பீட்சாக் கடைச் சாலட்டின் பதத்துக்கு வந்திருக்கும். ரொட்டிக்கு இடையில் வைக்க அது போதும்.